செட்டும் சட்டையும் ஒரே ஆள் பார்க்கலாமா?

ஜனவரி 14, கேள்வி

இரண்டு குறும்படங்களில் கலை வேலை பார்த்திருக்கிறேன். இப்போது ஒரு முழுநீளப் படம் வந்திருக்கிறது. சுயாதீனப் படம், சின்ன பட்ஜெட், 21 நாள் படப்பிடிப்பு. புரொடக்‌ஷன் டிசைன் (செட் வேலை), காஸ்ட்யூம் (உடை) இரண்டையும் நானே பார்க்க வேண்டுமாம். டைட்டிலில் இரண்டு இடத்தில் பெயர் வரும், சம்பளம் ஒன்றுதான் என்கிறார்கள். நண்பர்கள் எல்லாரும் கண்ணை மூடிக்கொண்டு ஒத்துக்கொள் என்கிறார்கள். எனக்கு என்னவோ இது ஆளைச் சுரண்டும் வேலையாகத்தான் தெரிகிறது. இந்தத் தொழிலில் பல வருடம் இருப்பவர்கள் யாராவது சொல்லுங்கள்.

ஜனவரி 14, இரவு

ஒத்துக்கொள்ளாதீர்கள்.

16 வருடமாக இந்த வேலையில் இருக்கிறேன். முதல் ஆறு படங்களில் நான்கில் இரண்டையும் நான்தான் பார்த்தேன். சம்பளம் கிடக்கட்டும், அது அப்புறம். முதல் சிக்கல், நமக்கு உடம்பு ஒன்றுதான். செட் பார்ப்பவர் நாளைக்கு எடுக்கப்போகும் இடத்தில் இன்றைக்கு நிற்க வேண்டும். உடை பார்ப்பவர் இன்றைக்கு எடுக்கும் இடத்தில், நடிகரின் காலரைப் பார்த்தபடி கேமராவுக்குப் பக்கத்தில் நிற்க வேண்டும். இரண்டுக்கும் நடுவே ஒரு மணி நேரப் பயணம் இருந்தால் நீங்கள் இங்கேயும் இல்லை, அங்கேயும் இல்லை. வண்டியில்தான் இருப்பீர்கள்.

என் இரண்டாவது படம். மறுநாளுக்கான சுவருக்கு வண்ணம் அடித்துக்கொண்டிருக்கிறேன், கை முழுக்க பெயிண்ட். ஃபோன் வருகிறது. சட்டையில் மேலிருந்து இரண்டாவது பொத்தான் போட்டிருந்ததா, திறந்திருந்ததா என்று உதவி இயக்குநர் கேட்கிறார். முந்தைய நாள் தூரத்தில் வைத்து எடுத்த உரையாடலுக்கு அன்றைக்கு க்ளோசப். போட்டிருந்தது என்றேன், சத்தியம் செய்யாத குறையாக. திறந்திருந்தது. இன்றைக்கும் அந்தப் படத்தில் ஒரு மனிதர் தன் தம்பியிடம் மன்னிப்புக் கேட்கும்போது பொத்தான் தானாகப் பூட்டிக்கொள்கிறது, தானாகத் திறக்கிறது. மன்னிப்பு எனக்குக் காதில் விழுவதே இல்லை.

இரண்டையும் ஒருவர் பார்ப்பது காசில்லாத படக்காரர்கள் கண்டுபிடித்த சிக்கனம். அதற்கு 'ஒருங்கிணைந்த பார்வை' என்று பெயர் வைத்துவிட்டார்கள்.

ஜனவரி 15, காலை

தூங்கி எழுந்து படித்தால் கொஞ்சம் அதிகமாகப் பேசிவிட்டேன் என்று தெரிகிறது. இன்னொரு பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன்.

மூன்றாவது படத்தில் ஒரு அம்மா பாத்திரம். வீட்டை விட்டு வெளியே போகாதவர். அவருக்கு வீட்டுத் திரைச்சீலையில் மிச்சமிருந்த துணியிலேயே மேலாடை தைத்தேன். அதே மங்கலான பச்சை. அவர் ஜன்னலோரம் நின்றால் ஆள் எங்கே, திரை எங்கே என்று கண் ஒரு கணம் தடுமாறும். கடைசியில் வீட்டை விட்டுக் கிளம்பும் நாளில்தான் முதல் முறையாக வேறு நிறம். இதை யாரிடமும் கலந்து பேசவில்லை. நடுராத்திரி துணியை மடித்துக்கொண்டிருந்தபோது தோன்றியது, காலையில் தைக்கக் கொடுத்துவிட்டேன். செட்டுக்கு ஒருவர், உடைக்கு ஒருவர் என்று இருந்திருந்தால் மூன்று கூட்டம், இரண்டு மனத்தாங்கல், கடைசியில் 'பச்சையாக ஏதாவது' என்று முடிந்திருக்கும்.

படம் பார்த்த ஒருவர், "அந்த அம்மா அந்த வீட்டு சாமான் மாதிரியே இருந்தாங்க" என்றார். அவருக்குத் துணி ஒன்று என்று தெரியாது. தெரிய வேண்டியதும் இல்லை.

ஆகவே ஆசை வரத்தான் செய்யும். எனக்கே வந்தது.

ஜனவரி 15, மதியம்

திருத்தம். பழைய புகைப்படங்களைத் தேடிப் பார்த்தேன். அது திரைச்சீலைத் துணி இல்லை, சோபா உறைத் துணி. திரைச்சீலை வேறு பச்சை. ஜன்னலோரம் என்று நான் எழுதியதும் சோபாவில் உட்கார்ந்திருக்கும் காட்சிதான்.

பொத்தான் விஷயத்தில் என் ஞாபகத்தை நம்பி ஃபோன் செய்தவரை நினைத்தால் பாவமாக இருக்கிறது.

ஜனவரி 18

'காசில்லாதவர்கள் கண்டுபிடித்த சிக்கனம்' என்று நான் எழுதியது தப்பு. வரலாற்றைப் பார்த்தால் அப்படி இல்லை.

ஆஸ்கரில் கலை இயக்கத்துக்கு, அதாவது செட் வேலைக்கு, 1929 முதல் விழாவிலேயே விருது இருந்தது. உடைக்கு விருது வர 1949 விழா வரைக்கும் ஆனது. இருபது வருடம் நடிகர்கள் எல்லாரும் தாங்களே துணி எடுத்து உடுத்திக்கொண்டு வந்தார்கள் போலிருக்கிறது. வேடிக்கை என்னவென்றால், உடைக்கு முதன்முதலாகக் கொடுத்த அந்த 1949 விழாவிலேயே கறுப்பு வெள்ளைப் பிரிவில் இரண்டு விருதிலும் ஒரே ஆளின் பெயர் இருந்தது. 'ஹாம்லெட்' படத்துக்காக ரோஜர் ஃபர்ஸ். இத்தாலியில் பியேரோ கெரார்தி, இயக்குநர் ஃபெலினியின் படங்களுக்கு செட்டும் உடையும் பார்த்தவர், உடைக்காக இரண்டு ஆஸ்கர் வாங்கியவர். கேத்தரின் மார்ட்டின் 2001-இல் வந்த ஒரு படத்துக்கும் 2013-இல் வந்த ஒரு படத்துக்கும் இரண்டு பிரிவிலுமே வாங்கியிருக்கிறார். மொத்தம் நான்கு.

இவர்கள் யாரும் சிக்கனத்துக்காகச் செய்தவர்கள் இல்லை. ஒரே கண்ணால் பார்க்க வேண்டும் என்று செய்தவர்கள். சரி, ஆனால் ஒன்று: அவர்களுக்குக் கீழே தையலறை இருந்தது, தச்சர்கள் இருந்தார்கள், துணியை இஸ்திரி போட ஆள் இருந்தது. கண் ஒன்று, கை நூறு. நமக்குக் கண் ஒன்று, கை இரண்டு. அந்த இரண்டிலும் பெயிண்ட்.

ஹாலிவுட்டில் இந்த இரண்டு வேலைக்கும் தனித்தனித் தொழிற்சங்கம். கலை இயக்குநர்களுக்கு லோக்கல் 800, உடை வடிவமைப்பாளர்களுக்கு லோக்கல் 892. இரண்டும் இரண்டு முழு வேலை என்றுதான் அந்த ஏற்பாடு சொல்கிறது. அடுத்த முறை யாராவது 'கூடவே துணியும் பார்த்துக்கோங்க' என்று சொன்னால் இது ஞாபகத்துக்கு வரட்டும்.

ஜனவரி 19

கலை இயக்குநருக்கும் புரொடக்‌ஷன் டிசைனருக்கும் என்ன வித்தியாசம் என்று ஒருவர் கேட்டிருக்கிறார். 'கான் வித் தி விண்ட்' (1939) படத்தில் வில்லியம் கேமரன் மென்சீஸ் செய்த வேலைக்குக் கலை இயக்குநர் என்ற பெயர் போதவில்லை என்று தயாரிப்பாளர் செல்ஸ்னிக் வைத்த பட்டம்தான் புரொடக்‌ஷன் டிசைனர். படம் மொத்தமும் எப்படித் தெரிய வேண்டும் என்று ஷாட் ஷாட்டாக வரைந்து தீர்மானிப்பவர் டிசைனர். அதைக் கட்டி எழுப்புகிற பொறுப்பு கலை இயக்குநருக்கு. ஆஸ்கரில் கலை இயக்க விருதின் பெயரைப் புரொடக்‌ஷன் டிசைன் என்று மாற்றவே 2012 வரை ஆயிற்று.

சின்னப் படத்தில் டிசைனர், கலை இயக்குநர், ஆணி அடிப்பவர், கடைசியில் தரை துடைப்பவர் எல்லாம் ஒரே ஆள்.

ஜனவரி 23

கேள்வி கேட்டவர் தனியாக எழுதியிருந்தார். ஒத்துக்கொண்டுவிட்டாராம். எதிர்பார்த்ததுதான். நானும் அந்த வயதில் ஒத்துக்கொண்டேன். சரி, இனி ஆக வேண்டியதைப் பார்ப்போம்.

கடைக்குப் போகாதீர்கள். முதலில் எல்லாரும் செய்யும் தப்பு அதுதான். கதையைப் படித்ததும் கை பரபரக்கும். படம் வரையலாம், துணி பார்க்கலாம், சுவர் நிறம் யோசிக்கலாம். எதுவும் வேண்டாம். முதலில் கதைநாள் பிரியுங்கள்.

திரைக்கதையில் காட்சிக்கு எண் இருக்கும், நாளுக்கு எண் இருக்காது. அதை நீங்கள்தான் போட வேண்டும். காட்சி 1 முதல் 4 வரை ஒரே நாளா? 5-ஆவது காட்சி அதே நாள் இரவா, மறுநாள் இரவா? எழுதியவருக்கே தெரியாது, கேட்டுப் பாருங்கள். 'அது... இரண்டு நாள் கழித்து இருக்கலாம்' என்பார். அவர் 'இருக்கலாம்' என்று சொல்லும் ஒவ்வொரு இடமும் உங்களுக்கு ஒரு சட்டை. ஒரு பாத்திரம் எத்தனை கதைநாளில் வருகிறதோ பெரும்பாலும் அதற்கு மேல் உடை மாற்றம் போகாது. எந்தெந்த நாளில் அதே உடை திரும்ப வரலாம் என்பதும் அதிலிருந்துதான் கிடைக்கும். நிஜத்தில் மனிதர்கள் ஒரே சட்டையைத் திரும்பத் திரும்பப் போடுகிறார்கள். பட்ஜெட் இல்லாத படத்துக்கு இதைவிட நல்ல செய்தி கிடையாது.

செட்டுக்கும் அதே பட்டியல்தான். கதைநாள் 3-இல் மேஜை மேல் இருந்த மருந்துப் புட்டி கதைநாள் 9-இல் பாதி காலியாகியிருக்க வேண்டும். சுவரில் நாட்காட்டி இருந்தால் தொலைந்தீர்கள். எடுத்துவிடுங்கள். கடிகாரம் இருந்தால் பேட்டரியைக் கழற்றிவிட்டு ஒவ்வொரு காட்சிக்கும் முள்ளைக் கையால் திருப்பி வையுங்கள். இல்லாவிட்டால் இரண்டு நிமிடப் பேச்சு நடக்கும்போது பின்னால் கடிகாரம் நாலு மணி நேரம் தாண்டிக் குதிக்கும்.

இதில் இரத்தம், மழை, சேறு எல்லாம் தனிக் கணக்கு. ஒரு சட்டையில் இரத்தம் படுகிறது என்று ஒற்றை வரியில் எழுதியிருப்பார்கள். அதற்கு எத்தனை சட்டை? படுவதற்கு முன் ஒன்று. படும் ஷாட்டுக்கு, எத்தனை டேக்கோ அத்தனை. அப்புறம் இரத்தம் காய்ந்த பிறகு வரும் காட்சிக்கு ஒன்று. படத்தை வரிசையாக எடுக்கமாட்டார்கள். முதல் நாளிலேயே காய்ந்த இரத்தக் காட்சியை வைப்பார்கள், பன்னிரண்டாம் நாளில் சுத்தமான சட்டை வேண்டும் என்பார்கள். அதனால் ஒரே சட்டையை மெல்ல மெல்ல அழுக்காக்கிக்கொண்டு போகலாம் என்ற கனவு வேண்டாம். என் முதல் படத்தில் அழகான சட்டை ஒன்று கிடைத்தது, பழையது, உலகத்திலேயே ஒன்றுதான் இருந்திருக்கும். அதில் இரத்தம் படும் காட்சி. ஒரே டேக்கில் முடித்துவிடலாம் என்றார் இயக்குநர். முடித்தோம். நடிகரின் கண் மூடியிருந்தது. அதைத்தான் படத்தில் வைத்திருக்கிறார்கள், இறந்துபோகும் நேரத்தில் ஏதோ யோசிப்பது போல. விமர்சனம் ஒன்றில் அதைப் பாராட்டியும் எழுதினார்கள்.

ஒரே மாதிரி மூன்று கிடைக்காத சட்டை எவ்வளவு அழகாக இருந்தாலும் அந்தக் காட்சிக்கு வேண்டாம்.

ஜனவரி 24

செருப்பை மறந்துவிட்டேன். ஃபிரேமில் பாதி நேரம் கால் தெரியாது, ஆகவே செருப்புக்குக் காசு வேண்டாம் என்று தயாரிப்பில் சொல்வார்கள். கால் தெரியாதுதான். ஆனால் நடை தெரியும். நடிகர் பாத்திரத்தின் செருப்பைப் போட்ட பிறகுதான் அந்த ஆளாக நடக்க ஆரம்பிக்கிறார். சட்டையை விட்டுக்கொடுங்கள், செருப்பை விட்டுக்கொடுக்காதீர்கள்.

ஒத்திகையின் முதல் நாளிலேயே கொடுத்துவிடுங்கள். கடித்தால் அப்போதே கடிக்கட்டும்.

ஜனவரி 30

ஒளிப்பதிவாளரிடமும் ஒலிப்பதிவாளரிடமும் எப்போது பேசுவது என்று கேள்வி. துணி வாங்குவதற்கு முன்னால். இதைச் சொல்கிற நான் வாங்கிய பிறகு பேசி அழுதவன்.

நெருக்கமான மெல்லிய கோடு, சின்னக் கட்டம் போட்ட துணி டிஜிட்டல் கேமராவில் நெளியும். துணியின் கோடும் சென்சாரின் புள்ளிகளும் ஒன்றோடொன்று மோதி, இல்லாத அலை ஒன்று சட்டை மேல் ஓடும். ஃபோனில் எடுத்துப் பார்த்துத் தெரிந்துகொள்ளலாம் என்று நினைக்காதீர்கள். லென்ஸும் தூரமும் மாறினால் நெளிவும் மாறும். படத்துக்கு எடுக்கும் அதே கேமராவில் ஒரு முறை பாருங்கள். பளீர் வெள்ளை முகத்தைத் தின்றுவிடும். வெள்ளைச் சட்டையைத் தேயிலைத் தண்ணீரில் முக்கி எடுத்தால் கண்ணுக்கு வெள்ளை, கேமராவுக்கு அடக்கம்.

கறுப்புதான் துரோகி. செயற்கை இழைக் கறுப்புத் துணி வெயிலில் எடுத்தால் சிவப்புப் பழுப்பாகத் தெரியும். வெளிச்சத்தைக் குறைக்க லென்ஸ் முன்னால் அடர்த்தியான ஃபில்டர் போடுவார்கள். அது கண்ணுக்குத் தெரியும் ஒளியைக் குறைக்கும், அகச்சிவப்பை அவ்வளவாகத் தடுக்காது. துணி அகச்சிவப்பைத் திருப்பி அனுப்ப, சென்சார் அதை நிறமாக எழுதிக்கொள்ளும். ஒரு சாவுக் காட்சிக்குக் கறுப்பு உடுத்தி நின்ற எட்டுப் பேரில் மூன்று பேர் மெரூன் நிறத்தில் வந்தார்கள். நிறத் திருத்தத்தில் அதைச் சரிசெய்த நண்பர் இன்னும் என்னிடம் சரியாகப் பேசுவதில்லை.

ஒலிக்கு வேறு கவலை. நெஞ்சில் ஒட்டும் மைக்கின் மேல் மொடமொடப்பான துணி உரசினால் காகிதம் கசக்குவது போலக் கேட்கும். பட்டு, நைலான், கஞ்சி போட்ட பருத்தி எல்லாம் சத்தம் போடும். துணியைக் காதருகே வைத்துக் கசக்கிப் பாருங்கள். கடையில் உங்களை ஒரு மாதிரி பார்ப்பார்கள், பரவாயில்லை.

செட்டும் ஒளியும் பற்றி ஒன்று. 'அபராஜிதோ' (1956) படத்தில் காசி வீட்டு முற்றத்தை பன்சி சந்திரகுப்தா ஸ்டுடியோவுக்குள் கட்டினார். முற்றத்தின் தலைக்கு மேல் வானம் கிடையாது. ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா மேலே வெள்ளைத் துணி கட்டி, கீழிருந்து விளக்கை அதில் அடித்து, திரும்பி வந்த ஒளியில் எடுத்தார். நிழல் விழாத பகல் வெளிச்சம் கிடைத்தது. செட் கட்டியவர் கூரையைத் திறந்து விட்டிருக்காவிட்டால் துணி எங்கே கட்டுவது? அதைத்தான் சொல்ல வருகிறேன். நம் சுவர் எங்கே நிற்கிறது என்பதில் அவர்களுடைய விளக்கு எங்கே நிற்கும் என்பதும் சேர்ந்தே இருக்கிறது. வாடகை வீட்டில் எடுக்கும்போதும் அதேதான். மேஜை விளக்கை நான் வைக்கும் இடத்திலிருந்துதான் அவருக்கு இரவுக் காட்சியின் வெளிச்சம் வரும்.

பிப்ரவரி 2

கறுப்பு பற்றி ஒரு ஒளிப்பதிவாளர் திருத்தியிருக்கிறார். சரிதான். இழையை மட்டும் குற்றம் சொல்ல முடியாது, சாயமும் சேர்ந்தது. பக்கத்துப் பக்கத்தில் ஒரே கறுப்பாக இருக்கும் இரண்டு துணி கேமராவில் இரண்டாகும். அகச்சிவப்பையும் சேர்த்துத் தடுக்கும் ஃபில்டர்கள் உண்டு, அவை இருந்தால் பிரச்சினை பெரிதாகக் குறையும் என்கிறார். எங்கள் படத்தில் வாடகைக்கு வந்தது எது மலிவோ அது.

பிப்ரவரி 9

புதுத்துணியைப் பழசாக்குவது. இதைப் பற்றி எழுதச் சொன்னால் எனக்கு நிறுத்தத் தெரியாது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

சின்னப் படங்களில் காசில்லாதவர் பாத்திரம்தான் அதிகம் வரும், ஆனால் அவர் போட்டிருப்பது நேற்று வாங்கிய சட்டையாக இருக்கும். மடிப்புக்கோடு கூடத் தெரியும். சிலர் மேலே மண்ணைப் பூசிவிடுகிறார்கள். மண் பூசின புதுச்சட்டை மண் பூசின புதுச்சட்டையாகத்தான் தெரியும். துணி அழுக்காவது வேறு, நைவது வேறு. நைவதற்கு இடம் உண்டு. காலர் மடிப்பு, கைமுனை, பொத்தான் துளை ஓரம், கால்சட்டைப் பையின் வாய், முழங்கால், உட்காருமிடம். அங்கெல்லாம் உப்புத்தாளாலும் கம்பி பிரஷாலும் தேயுங்கள். துருவியும் நன்றாக வேலை செய்யும், பின்னர் அதைச் சமையலறைக்குத் திருப்பிக் கொடுக்காதீர்கள். சட்டைப் பைகளில் ஈரத்தோடு கல்லைப் போட்டுத் தொங்கவிட்டால் காயும்போது பை தொய்ந்துவிடும், பத்து வருடம் கையை விட்டு எடுத்தது போல.

இதற்கெல்லாம் முன்னால் ஒன்று கேளுங்கள்: இந்த ஆள் எந்தக் கையால் வேலை செய்கிறார்? எந்தத் தோளில் பை மாட்டுகிறார்? ஒரு படத்தில் தபால்காரர் பாத்திரத்துக்குச் சட்டையின் இடது தோளை மட்டும் தேய்த்து வெளுக்க வைத்தேன். நடிகர் முதல் நாள் பையை வலது தோளில் மாட்டிக்கொண்டு வந்தார். நான் வாயைத் திறக்கவில்லை. சட்டையைப் பார்த்தார், பையைப் பார்த்தார், இடது தோளுக்கு மாற்றிக்கொண்டார். என் 16 வருடத்தில் நான் வாங்கிய ஒரே விருது அதுதான்.

சுவருக்கும் இதே விதிதான். ஸ்விட்சைச் சுற்றி விரல் அழுக்கு, நாற்காலி முதுகு உரசும் உயரத்தில் ஒரு கோடு, மாட்டியிருந்த படத்தைக் கழற்றிய இடத்தில் வெளுக்காத சதுரம்.

பிப்ரவரி 10

கல் போட்ட சட்டையைக் கல்லை எடுக்காமல் வாஷிங் மெஷினில் போட்டுவிட்டேன் என்று ஒருவர் எழுதியிருக்கிறார். மெஷினும் பழசாகியிருக்கும்.

'எப்போதும் வடிவமைக்க வேண்டுமா, கடையில் வாங்கினால் அது டிசைனா' என்றும் கேட்டிருக்கிறார். 1977-இல் வந்த 'சாட்டர்டே நைட் ஃபீவர்' படத்தின் வெள்ளை சூட் தைத்தது இல்லை, ரெடிமேட். அதைத் தேர்ந்தெடுத்தவர் பத்ரீசியா ஃபான் பிராண்டன்ஸ்டைன். அவரே பின்னால் 'அமடேயஸ்' (1984) படத்துக்குக் கலை இயக்கத்தில் ஆஸ்கர் வாங்கினார். துணியிலிருந்து சுவருக்குப் போனவர். ஆகவே பதில்: டிசைன்தான்.

பிப்ரவரி 17

சம்பளத்தை 'அப்புறம்' என்று தள்ளியிருந்தேன். ஒத்துக்கொண்டவருக்கு நான் சொல்லக்கூடியது இவ்வளவுதான்.

சம்பளத்தை ஏற்றிக் கேட்டால் ஏற்றமாட்டார்கள். அதற்குப் பதிலாக ஆள் கேளுங்கள். படப்பிடிப்பு நடக்கும் எல்லா நாளும் உடையைக் கவனித்தபடி கேமரா பக்கத்தில் நிற்க ஒரு காஸ்ட்யூமர். வேறு எதை விட்டாலும் இதை விடக்கூடாது. அவர் இருந்தால் இரண்டு வேலையும் ஒருவர் செய்யலாம், இல்லாவிட்டால் முடியாது. ஜனவரி 14 அன்று நான் 'ஒத்துக்கொள்ளாதீர்கள்' என்று எழுதியதை இந்த வரியாக மாற்றிக்கொள்ளுங்கள்.

அப்புறம், நாள்கணக்கு. அவர்கள் 21 நாள் என்று சொல்வது கேமரா ஓடும் நாள். உங்கள் வேலை அதற்கு முன்னால் ஆரம்பித்து அதற்குப் பின்னால் முடிகிறது. கடைசி நாள் எல்லாரும் கட்டிப்பிடித்து அழுதுவிட்டு வீட்டுக்குப் போய்த் தூங்குவார்கள். மறுநாள் காலை நீங்கள் மட்டும் வாடகை நாற்காலியோடு நிற்பீர்கள். திருப்பிக் கொடுக்கும் நாட்களுக்கும் சம்பளம் உண்டு என்று எழுதி வாங்குங்கள். என்னை ஒரு தயாரிப்பு நிறுவனம் அந்த நாட்களுக்கு 'நட்புக்காக' வேலை செய்யச் சொன்னது. நாற்காலியில் ஒரு கால் உடைந்திருந்தது, அதற்கான காசும் நட்பில்தான் போனது.

முக்கிய பாத்திரங்களின் உடையை மட்டும் திருப்பிக் கொடுக்கவோ விற்கவோ வேண்டாம். எடிட்டிங் முடியும் வரை பூட்டி வையுங்கள். பேட்ச் வொர்க் கட்டாயம் வரும். ஐந்து மாதம் கழித்து ஒரே ஒரு க்ளோசப் வேண்டும் என்பார்கள், அதற்குள் அந்தச் சட்டையை நடிகரே வீட்டுக்குக் கொண்டுபோய்ப் போட்டுக் கிழித்திருப்பார்.

சுவரில் மாட்டும் ஓவியம், போஸ்டர், சட்டையில் இருக்கும் நிறுவன முத்திரை எல்லாவற்றுக்கும் உரிமையாளரிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். இல்லாவிட்டால் நீங்களே வரைந்து மாட்டுங்கள். ஒரு படத்தை வாங்க வந்த விநியோகஸ்தர் பின்சுவரில் இருந்த போஸ்டருக்கு அனுமதிக் கடிதம் கேட்டார். இல்லை. நாலு நிமிடக் காட்சி முழுக்க அந்தச் சதுரத்தை மங்கலாக்கினார்கள். கதாநாயகி அழும்போது பின்னால் மூடுபனி போல ஒன்று நிற்கும்.

பிப்ரவரி 20

ஒருவர் கோபமாக: "இவ்வளவும் செய்தால் தொழிலில் முன்னேற்றம் வருமா?"

நேரான பதில் எனக்கே பிடிக்காது. சின்னப் படம் எடுத்த இயக்குநர் அடுத்த படம் எடுக்க மூன்று நான்கு வருடம் ஆகிறது, சிலர் எடுப்பதே இல்லை. அவர் அழைப்பார் என்று காத்திருந்தால் பட்டினிதான். எனக்கு வந்த வேலைகளை எண்ணிப் பார்த்தேன். பாதிக்கு மேல் ஒளிப்பதிவாளர்களும் உதவி இயக்குநர்களும் சொல்லி வந்தவை. அவர்கள் வருடத்துக்கு நாலு படத்தில் இருக்கிறார்கள், யார் நேரத்துக்கு செட்டைக் கொடுத்தார் என்பதை மறக்கமாட்டார்கள். நடுவில் விளம்பரம், இசைக் காணொளி, மேடை நாடகம் எல்லாம் செய்து வாடகை கட்டினேன். விளம்பரத்தில் இரண்டு நாளில் வந்த காசு என் முதல் படத்துக்கு மொத்தமாக வந்ததைவிட அதிகம். பெருமை எதில் என்று கேட்டால் படத்தில்தான். வாடகையைக் கட்டியது என்னவோ விளம்பரம்.

வேலை கேட்டுப் போகும்போது அழகான செட் புகைப்படம் மட்டும் காட்டாதீர்கள். காலி அறையின் முதல் படம், நீங்கள் செய்த பிறகு அதே இடம், கடைசியில் படத்தில் அந்த ஃபிரேம். மூன்றும் பக்கத்தில் பக்கத்தில். எத்தனை நாளில், எத்தனை பேரோடு என்று கீழே ஒரு வரி. எனக்கு இதைச் சொல்லிக்கொடுக்க யாரும் இல்லை. முதல் இரண்டு படங்களில் 'முன்னால்' எடுத்த புகைப்படமே இல்லை, கட்டின செட்டைப் பார்த்துவிட்டு 'லொகேஷன் நல்லா கிடைச்சிருக்கு' என்கிறார்கள். பாராட்டா, திட்டா என்று இன்னும் புரியவில்லை.

மார்ச் 1

கேட்காமலேயே சொல்கிறேன்: சாமான் சேர்க்காதீர்கள். என் வீட்டில் இப்போது பதினொரு சூட்கேஸ் (எல்லாம் காலி, வெவ்வேறு காலத்தவை), ஓடாத ரேடியோ நான்கு, யாருடையதோ திருமணப் படம் ஒன்று. அடுத்த படத்துக்கு ஆகும் என்று எடுத்து வைத்தவை. அடுத்த படத்தில் சூட்கேஸே வராது.

பெரிய ஸ்டுடியோக்களுக்கும் இதே தொல்லைதான். 'கான் வித் தி விண்ட்' படத்தில் அட்லாண்டா எரியும் காட்சிக்கு 1938 டிசம்பரில் ஸ்டுடியோ வளாகத்தில் நின்ற பழைய செட்டுகளைக் கொளுத்தித்தான் எடுத்தார்கள். இடமும் காலி, காட்சியும் கிடைத்தது. இரண்டு மாதமாக அந்த வழியை யோசிக்கிறேன். அடுக்குமாடிக் குடியிருப்பு, விடமாட்டார்கள்.

மார்ச் 6

கடிகாரத்தின் பேட்டரியைக் கழற்றச் சொன்னேன் இல்லையா, திருப்பிப் போடவும் சொல்லியிருக்க வேண்டும். ஒரு பெரியவரின் வீட்டில் ஒன்பது நாள் எடுத்தோம். உள்ளே போகும் முன் ஒவ்வொரு அலமாரியையும் புகைப்படம் எடுத்து வைத்து, போகும்போது கரண்டி முதற்கொண்டு இருந்த இடத்தில் வைத்தேன். அவ்வளவு பெருமை எனக்கு. இரண்டு நாள் கழித்து அவர் ஃபோன் செய்தார். "எல்லாம் சரியா இருக்கு. ஆனா ரெண்டு நாளா வீட்டுல மணி நாலே காலாவே இருக்கு."

ஏப்ரல் 20

கேள்வி கேட்டவர் படப்பிடிப்பை முடித்துவிட்டார். 21 நாள் 24 ஆனதாம். காஸ்ட்யூமர் கேட்டு வாங்கியிருக்கிறார், சம்பளத்தில் கொஞ்சம் விட்டுக்கொடுத்துத்தான். ஆறாம் நாள் அவர் சுவருக்கு வண்ணம் அடித்துக்கொண்டிருந்தபோது ஃபோன் வந்ததாம். கையெல்லாம் பெயிண்ட். பயந்துபோய் எடுத்தால், 'ஒன்றும் இல்லை, பொத்தான் சரியாக இருக்கிறது என்று சொல்லத்தான்' என்றாராம் காஸ்ட்யூமர். இந்தப் பக்கத்தைப் படித்திருக்கிறார்.

ஏப்ரல் 21

சொல்லாமல் இருந்தால் நியாயமில்லை. போன வாரம் நானும் ஒரு படம் ஒத்துக்கொண்டேன். செட், உடை இரண்டும். ஜனவரியில் நான் எழுதியதை யாராவது எடுத்துக் காட்டுவதற்கு முன்னால் நானே சொல்லிவிடுகிறேன். கதை பிடித்துவிட்டது, வேறு காரணம் இல்லை.

காஸ்ட்யூமர் கேட்டேன், கொடுத்திருக்கிறார்கள். சின்னப் பெண், இதுதான் அவளுக்கு முதல் படம். நேற்று இரண்டு பேரும் தனித்தனியாக உட்கார்ந்து கதைநாள் பிரித்தோம். எனக்கு 31 வந்தது. அவளுக்கு 29. நாளைக் காலை அந்த இரண்டு நாளைத் தேட வேண்டும்.